இறக்குமதிக் காய்ச்சல்

எனக்கு வந்திருப்பது மலேரியா என்று சொன்னபோது நான் நம்பவில்லை. பள்ளிக்கூடத்தில் சமூக அறிவியல் எடுக்கிறவள் நான். மலேரியா என்றால் காட்டோரத்திலும், வடக்கே பெரிய நகரங்களின் நெரிசலிலும் இருப்பது என்றுதான் மனதில் வைத்திருந்தேன். கடியப்பட்டணத்தில், பகல் முழுக்கக் கடற்காற்று அடிக்கும் என் வீட்டில், அதற்கு என்ன வேலை?

தேறி வந்த பிறகு பார்க்க வந்தவர்கள் எல்லோரும் குளிர் எப்படி இருந்தது, ஐசியுவில் எப்படி இருந்தது என்று கேட்டார்கள். சொல்லிச் சொல்லி அந்தப் பகுதி எனக்கு மனப்பாடம் ஆகிவிட்டது. யாரும் கேட்காத பகுதி ஒன்று மீதம் இருக்கிறது. அதையும் சேர்த்துச் சொல்லத்தான் எழுதுகிறேன்.

அந்த வருடம் மே மாதம் என் மகள் ஷைனிக்குப் புது நன்மை. குழந்தைகள் முதன்முதலாக நற்கருணை வாங்கும் நாள். எங்கள் கடற்கரையில் அது கல்யாணம் மாதிரி. வெள்ளை கவுன், கையில் மெழுகுதிரி, வீட்டில் பந்தி. என் கணவர் குவைத்தில் இருந்தார். விடுமுறை கிடைக்கவில்லை. அப்பா இல்லாத இடத்தில் தாய்மாமனாவது நிற்க வேண்டாமா? என் ஒரே தம்பி ஜெரால்டு மங்களூரில் விசைப்படகில் வேலை செய்கிறான். அவனுக்குப் போன் செய்தேன்.

"வாறேன் யக்கா, வராம இருப்பேனா? ஒரு காய்ச்சல் கெடந்து இப்பதான் எளும்பினேன். ஒடம்பு கொஞ்சம் அசந்து கெடக்கு, அதான் பாக்கேன்" என்றான்.

"அசந்து கெடந்தா இஞ்ச வந்து கெட மக்கா. நான் கஞ்சி வச்சுத் தாறேன். மாமன் இல்லாம எனக்க பிள்ள தனியா நிக்கணுமா?"

அவன் வந்தான். புது நன்மைக்கு முந்தின நாள், மே மாத வெயிலில், போர்வை கேட்டுச் சுருண்டு படுத்தான். பல் கிட்டித்தது. ஒரு மணி நேரம் போல நடுங்கிவிட்டு வேர்த்துக் கொட்டி எழுந்தான். காய்ச்சல் மாத்திரை ஒன்றைப் போட்டுக்கொண்டு மறுநாள் வெள்ளைச் சட்டையில் ஷைனியின் பக்கத்தில் நின்றான். போட்டோவில் அவன் முகம் மட்டும் மஞ்சள் அடித்தாற்போல் இருக்கும். பயணக் களைப்பு என்று எல்லோரும் நினைத்தோம். கொஞ்ச நாள் என் வீட்டிலேயே இருந்துவிட்டு மங்களூருக்குப் போய்விட்டான்.

பள்ளிக்கூடம் திறந்த வாரத்தில் எனக்குக் காய்ச்சல் வந்தது. முதலில் முதுகுத்தண்டுக்குள் யாரோ ஐஸ்தண்ணீரை ஊற்றியதுபோல ஒரு குளிர். மூன்று போர்வை போட்டும் கட்டில் ஆடியது. பிறகு உடம்பு கொதித்தது. பிறகு பாயே நனைகிற அளவுக்கு வேர்வை. வேர்த்து முடிந்ததும் ஒன்றுமே நடக்காததுபோல் இருக்கும். மறுநாள் எழுந்து பள்ளிக்கூடத்துக்குக்கூடப் போனேன். அதற்கு அடுத்த நாள் அதே நேரத்துக்கு மறுபடியும் குளிர்.

பக்கத்தில் இருந்த கிளினிக்கில் வைரல் காய்ச்சல் என்றார்கள். அவர்களைக் குறை சொல்ல மாட்டேன். சில வருடங்களுக்கு முன்னால் சிக்குன்குனியா வந்து ஊரே முழங்காலைப் பிடித்துக்கொண்டு நடந்ததைப் பார்த்தவர்கள் அவர்கள். டாக்டர்கள் நோயை யோசிக்கும்போது இடத்தையும் சேர்த்துத்தான் யோசிக்கிறார்கள். இந்த இடத்தில் இது வராது என்று இருந்தால் அதற்கான ரத்தப் பரிசோதனையை எழுத மாட்டார்கள். ஊசி போட்டார்கள், மாத்திரை தந்தார்கள். ஒரு வாரத்துக்கு மேல் வீட்டிலேயே கிடந்தேன்.

அந்த நாட்களில் என்னைப் பார்த்துக்கொண்டவள் ஸ்டெல்லாக்கா. எதிர்வீடு. சுனாமிக்குப் பிறகு கட்டிக்கொடுத்த குடியிருப்பில் எங்கள் இருவர் வீடும் ஒன்றையொன்று பார்த்தபடி இருக்கும். ஸ்டெல்லாக்கா காலையில் மீன் பெட்டியோடு வடசேரிச் சந்தைக்குப் போய் மத்தியானம் திரும்புவாள். வந்ததும் குளித்துவிட்டு நேரே என் வீட்டுக்கு வருவாள். அவளுடைய மகள் பிரின்சி தலைப்பிரசவத்துக்காக அம்மா வீட்டுக்கு வந்திருந்தாள். ஆறு மாத வயிறு.

ஒரு நாள் சாயந்திரம் ஸ்டெல்லாக்கா வந்தபோது நான் அவளை "அம்மா" என்று கூப்பிட்டேனாம். என் அம்மா இறந்து பல வருடம் ஆகிறது. கண் மஞ்சளாக இருந்திருக்கிறது. மூச்சு வாங்கியிருக்கிறது. ஸ்டெல்லாக்கா உடனே ரோட்டுக்கு ஓடிப்போய் ஒரு வேனை மறித்து, என்னைத் தூக்கிப் போட்டுக்கொண்டு நாகர்கோவிலுக்கு வந்தாள். மீன் விற்ற பணம் இடுப்பில் இருந்தது. அதை அப்படியே ஆஸ்பத்திரியில் கட்டினாள். இதெல்லாம் பிறகு கேட்டுத் தெரிந்துகொண்டதுதான். எனக்கு நினைவில் இருப்பது வேனின் ஜன்னலில் ஆடிக்கொண்டிருந்த ஒரு ஜெபமாலை மட்டும்.

ஐசியுவில் கண் திறந்தபோது மூக்கில் ஆக்சிஜன் குழாய். கையில் டிரிப். ஒரு நர்ஸ் குனிந்து, "டீச்சர், உங்க பேரு சொல்லுங்க" என்றாள். சொன்னேன். அவள் யாரிடமோ, "தெளிஞ்சிட்டாங்க" என்றாள்.

டாக்டர் வந்து விளக்கினார். ரத்தத்தை ஒரு கண்ணாடித் துண்டில் தேய்த்து நுண்ணோக்கியில் பார்த்ததில் மலேரியா ஒட்டுண்ணி தெரிந்ததாம். அது ரத்தச் சிவப்பணுக்குள் புகுந்து, உள்ளேயே பெருகி, பிறகு அணுவை உடைத்துக்கொண்டு கும்பலாக வெளியே வரும். அப்படி உடையும் நேரம்தான் அந்தக் குளிர். ரத்தத்தை உறைய வைக்கும் தட்டணுக்கள் மிகவும் குறைந்திருந்தன. நுரையீரலில் நீர் கோத்திருந்தது. "இந்த வகை மலேரியா சாதாரணமா இவ்வளவு முரண்டு பண்ணாது. உங்களுக்குப் பண்ணிட்டுது. லேட்டா வந்திட்டீங்க" என்றார்.

வெளியே பெஞ்சில் ஸ்டெல்லாக்கா இருந்தாள். சந்தைக்குப் போகவில்லை. ஐசியுவுக்குள் விடும் நேரத்துக்கு வந்து என் தலைமாட்டில் நின்று, சிக்குப் பிடித்த என் தலைமுடியைச் சீப்பு இல்லாமல் விரலாலேயே பிரித்துவிடுவாள்.

"ஷைனி எங்க யக்கா?"

"அவளுக்கு என்ன? ஸ்கூலுக்குப் போறா. ராத்திரி பிரின்சி உனக்க வீட்டுல போய் அவகூடப் படுத்துக்கிடுதா. பிள்ள தனியாக் கெடந்தா பேடிக்குமில்லா. நீ சலம்பாம கெட."

நான் நிம்மதியாகக் கண்ணை மூடிக்கொண்டேன். பிரின்சி என் வீட்டில் படுக்கிறாள் என்பது எனக்கு அன்று நிம்மதியைத் தந்தது. அதை இங்கே எழுதாமல் விட முடியாது.

வார்டுக்கு மாற்றினார்கள். என் கணவர் குவைத்திலிருந்து தினமும் பேசினார். போன் செய்ததும் முதலில் அழுவார், பிறகு பில்லுக்குப் பணம் அனுப்பியதைச் சொல்வார், பிறகு மறுபடி அழுவார். பக்கத்துக் கட்டிலில் இருந்த கோட்டாற்றுக்காரப் பெண்மணி அவளுக்கு வந்த ஆப்பத்தில் பாதியை எனக்கு வைத்துவிடுவாள். என்ன நோய் என்று கேட்டாள். மலேரியா என்றேன். ஆப்பம் கொடுக்கிற கை கொஞ்சம் தயங்கியது. "கொசு கடிச்சாத்தான் பரவும். தொட்டாப் பரவாது" என்றேன். "அது தெரியும்" என்று அவசரமாகச் சொன்னாள். மறுநாளும் ஆப்பம் வந்தது. தட்டில் வராமல் இலையில் வந்தது.

மலேரியா என்று தெரிந்தால் ஆஸ்பத்திரிகள் அரசாங்கத்துக்குத் தெரிவித்தாக வேண்டும். ஒரு முற்பகலில் சுகாதாரத் துறையிலிருந்து ஒரு டாக்டரம்மா வந்தார். மதுரைப் பக்கத்துப் பேச்சு. கூட ஒரு உதவியாளர். ஸ்டெல்லாக்கா ஸ்டூலில் உட்கார்ந்து எனக்குக் கஞ்சி ஆற்றிக்கொண்டிருந்தாள்.

"சமீபத்துல வெளியூர் எங்கயாவது போய்த் தங்குனீங்களா டீச்சர்?"

"இல்ல டாக்டர். நாகர்கோவில் தாண்டவே இல்ல."

"உங்க வீட்டுக்கு யாராவது வந்து தங்குனாங்களா? பாம்பே, மங்களூர், கோவா, அந்த மாதிரி எங்கிருந்தாவது?"

டாக்டரம்மா என் முகத்தைப் பார்த்தபடி இருந்தார். ஆசிரியைக்குப் பழக்கமான பார்வை அது. கேள்விக்குப் பதில் தெரிந்த பிள்ளையைப் பார்க்கிற பார்வை.

"எனக்க தம்பி வந்தான். மங்களூர்லேர்ந்து" என்றேன். "ஒரு நாள் நல்லா நடுங்கினான். அதுக்கு முன்னால அங்கயும் காய்ச்சல் கெடந்ததாச் சொன்னான்."

ஸ்டெல்லாக்கா கஞ்சி ஆற்றுவதை நிறுத்தினாள்.

டாக்டரம்மா உதவியாளரிடம் திரும்பி, "அப்ப இது இன்ட்ரடியூஸ்டு" என்றார். பேரும் போன் நம்பரும் கேட்டார். கொடுத்தேன். அந்தச் சொல்லுக்கு என்ன அர்த்தம் என்று கேட்டேன். அவர் கிளம்ப எழுந்தவர், மறுபடி உட்கார்ந்தார்.

"நீங்க ஜியாகிரபி எடுக்கறவங்கதானே? இதுவும் ஒரு ஜியாகிரபிதான். நோய் எங்க தெரிஞ்சுதுங்கிறத விட எங்க ஒட்டுச்சுங்கிறதுதான் எங்களுக்கு முக்கியம். அதை வச்சுத்தான் பேரு வைப்போம். உங்க தம்பி அங்க வாங்கிட்டு இங்க வந்தாரு. அவரு இம்போர்ட்டட். அவரைக் கடிச்ச கொசு உங்களைக் கடிச்சிருக்கு. உங்களுக்கு நோய் ஒட்டுனது உங்க ஊருலதான். ஆனா யாரு மூலமா வந்துச்சுன்னு நேரா கைகாட்ட முடியுது. அதனால நீங்க இன்ட்ரடியூஸ்டு. ஊருக்குள்ள நோய் எடுத்து வச்ச முதல் அடி."

"எனக்கு அப்புறம் ஊர்ல வேற யாருக்காவது வந்தா?"

"அது இண்டிஜினஸ். உள்ளூர் நோய். அதுக்கப்புறம் யாரு கொண்டுவந்தாங்கன்னு தேடுறதுல அர்த்தமில்ல. அது அந்த ஊரோட நோய் ஆயிடும். அந்த இடத்துக்குப் போகாம தடுக்கத்தான் ஓடிட்டிருக்கோம்."

"அப்ப எனக்க தம்பிதான் குற்றவாளியா?"

"குற்றவாளியைத் தேடுறது போலீசு. நாங்க அடுத்த நோயாளியைத் தேடுறோம்" என்றார். "இந்த வகை மலேரியா ஈரல்ல போய் ஒளிஞ்சுக்கும். காய்ச்சல் நின்னதும் மாத்திரைய நிறுத்திட்டா, அது மறுபடி எழுந்து ரத்தத்துக்கு வரும். ஈரல்ல இருக்கறதைக் கொல்ல ரெண்டு வாரம் தனியா ஒரு மாத்திரை சாப்பிடணும். கடலுக்குப் போற பசங்க பாதியில விட்டுடறாங்க. உங்க தம்பிக்கு இப்பவும் உள்ள இருக்கலாம். நீங்க பேரு சொன்னது அவருக்கு நல்லதுதான்."

அவர் போன பிறகு ஸ்டெல்லாக்கா கஞ்சியை நீட்டினாள். "ஜெரால்டா கொண்டுவந்தான்?" என்றாள், தனக்குள் சொல்வதுபோல. நான் கஞ்சியை வாங்கிக்கொண்டேன். இறக்குமதி என்ற சொல்லை வகுப்பில் எத்தனை முறை எழுதியிருப்பேன். கரும்பலகையில் இந்தப் பக்கம் ஏற்றுமதி, அந்தப் பக்கம் இறக்குமதி. நம்மிடம் இல்லாததை வெளியிலிருந்து தருவித்துக்கொள்வது என்று பிள்ளைகளுக்குச் சொல்லிக்கொடுத்திருக்கிறேன். தருவித்தவள் நான்தானே. அவன் அசந்து கிடக்கிறேன் என்றுதான் சொன்னான்.

நான் வீடு திரும்பியபோது குடியிருப்பில் புகை அடித்து முடித்திருந்தார்கள். வீடு வீடாக எல்லோர் விரலிலும் குத்தி ரத்தம் எடுத்திருந்தார்கள். அப்போது வேறு யாருக்கும் ஒன்றும் இல்லை. என் மொட்டை மாடியில் இருந்த தண்ணீர்த் தொட்டியின் மூடி காற்றில் பறந்து போயிருந்தது. அதில்தான் கொசுப்புழு இருந்ததாம். ஷைனி அதை எனக்கு உற்சாகமாகச் சொன்னாள்: "ஒரு மாமா கரண்டியில கோரிக் காட்டுனாங்க அம்மா. குட்டி குட்டியா நெளிஞ்சிட்டே இருந்துச்சு!" இந்த மலேரியாவைக் கடத்தும் கொசு சாக்கடையைத் தேடுவதில்லையாம், நல்ல தண்ணீர்தான் அதற்கு வேண்டுமாம். மூடி பறந்ததை நான் எப்போதோ பார்த்திருந்தேன். மழைக்காலம் முடிந்து வாங்கலாம் என்று விட்டிருந்தேன்.

ஞாயிற்றுக்கிழமைத் திருப்பலி முடிந்ததும், வெளியூரில் தொழிலுக்குப் போய் வருகிறவர்கள் ஆரம்ப சுகாதார நிலையத்தில் ரத்தம் பரிசோதித்துக்கொள்ள வேண்டும் என்று அறிவித்தார்கள். யார் பெயரையும் சொல்லவில்லை. ஆனால் முன்வரிசையில் இருந்த பெண்கள் திரும்பி என்னைப் பார்த்தார்கள். ஜெரால்டு மங்களூர்க் காய்ச்சலை ஊருக்குக் கொண்டுவந்தான் என்பது அதற்குள் எல்லோருக்கும் தெரிந்திருந்தது. ஸ்டெல்லாக்கா ஒருத்தியிடம் சொல்லியிருப்பாள். வேண்டுமென்று சொல்லியிருக்க மாட்டாள். ஆஸ்பத்திரியில் என்ன சொன்னார்கள் என்று கேட்டால் சொல்லாமல் எப்படி இருப்பது?

சில நாள் கழித்து ஜெரால்டு பேசினான்.

"போட்டு கரைக்கு வந்ததும் ரெண்டு பேரு நிண்ணாங்க யக்கா. எனக்க பேரச் சொல்லிக் கேட்டாங்க. போலீசு தேடுக மாதிரி. கூட உள்ளவனுவ எல்லாம் பாத்துக்கிட்டு நிக்கும்போ வெரல்ல குத்துனாங்க."

"என்ன வந்தது மக்கா?"

"இருக்காம். காய்ச்சல் ஒண்ணும் இல்ல எனக்கு. ஆனா ரத்தத்துல இருக்காம்."

"மாத்திர தந்தாங்களா?"

"தந்திருக்கு. முந்தியும் தந்தாங்க. அஞ்சாறு நாள் தின்னேன். கடல்ல கெடக்கும்போ வெறும் வயித்துல தின்னா கொமட்டும். விட்டுட்டேன். இந்தத் தடவ முழுசும் திங்கேன்." படகு எஞ்சின் சத்தம் கேட்டது. "நீ செத்துப் போயிருப்பியாமே யக்கா. நான் வந்திருக்கப்பிடாது."

"நான்தானே கூப்பிட்டேன்."

"நீ கூப்பிட்டா? எனக்கு அறிவு வேண்டாமா?"

அவனைக் காட்டிக்கொடுத்தவள் நான் என்று சொல்ல நினைத்தேன். அவனுக்கு அது தெரியாமலா இருக்கும்? அவன் கேட்கவில்லை. நானும் சொல்லவில்லை. மேற்குக் கரையின் மழைக்கால மீன்பிடித் தடை தொடங்கி, மங்களூர் போன எல்லோரும் பை நிறையச் சாமானோடு ஊர் திரும்பினார்கள். ஜெரால்டு வரவில்லை. அங்கேயே வலை பின்னும் வேலை கிடைத்திருக்கிறது என்று ஒருவனிடம் சொல்லி அனுப்பினான்.

நான் மறுபடி பள்ளிக்கூடம் போகத் தொடங்கிய சமயம். ஒரு மாலை எதிர்வீட்டில் சத்தம். ஓடிப்போய்ப் பார்த்தால் பிரின்சி தரையில் சுருண்டு கிடந்தாள். அவள் உடம்பு ஆடிய விதம் எனக்குத் தெரிந்தது. யாரும் சொல்ல வேண்டியிருக்கவில்லை. ஸ்டெல்லாக்கா மகளின் வயிற்றை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டிருந்தாள், குழந்தைக்குக் குளிர் படாமல் மறைப்பதுபோல.

இந்தத் தடவை வேனைக் கூப்பிட்டவள் நான். ஆஸ்பத்திரிக்குள் நுழையும்போதே, "மலேரியா பாருங்க, முதல்ல மலேரியா பாருங்க" என்று சொல்லிக்கொண்டே போனேன். அன்றைக்கே கண்டுபிடித்துவிட்டார்கள். ஆனால் கர்ப்பிணிக்கு அந்த நோய் வேறு மாதிரி. ரத்தம் குறையும். வயிற்றில் இருக்கும் குழந்தைக்குப் போகவேண்டிய சத்து குறையும். நேரத்துக்கு முன்பே வலி எடுக்கலாம். ஈரலில் ஒளிந்திருப்பதைக் கொல்லும் மாத்திரையை அவளுக்கு அப்போது கொடுக்கவும் முடியாது, குழந்தைக்கு ஆபத்து. பிரசவம் வரைக்கும் வாரம் ஒரு மாத்திரை போட்டு அடக்கி வைக்க மட்டும்தான் முடியும் என்றார்கள்.

ஸ்டெல்லாக்கா வார்டு வராந்தாவில் நின்று ஏசினாள். வார்டு முழுக்கக் கேட்டது. "மங்களூர்க்காரன் வந்தான். வந்து எனக்க பிள்ளைக்க வயித்துல கை வச்சுட்டுப் போயிட்டான். அவன் வெளங்குவானா? அவனுக்க போட்டு கரை சேருமா?" கடலுக்குப் போகிறவனை எங்கள் ஊரில் அப்படி ஏசக் கூடாது. பக்கத்தில் இருந்தவர்கள் சிலுவை போட்டுக்கொண்டார்கள். நான் சுவரோடு சாய்ந்து நின்றேன்.

அதே டாக்டரம்மா மறுநாள் வந்தார். அவரை வராந்தாவின் கடைசிக்குக் கூட்டிப்போய்க் கேட்டேன். "இது எனக்க தம்பிகிட்டேர்ந்து வந்ததா டாக்டர்?"

அவர் யோசித்தார். "உங்க தம்பி மங்களூருக்குத் திரும்பிப் போயி ரொம்ப நாளாச்சு. அவரைக் கடிச்ச கொசு இவ்வளவு நாள் உயிரோட இருக்காது. நீங்க ஒரு வாரத்துக்கு மேல காய்ச்சலோட வீட்டுல இருந்தீங்க. அப்புறம் நீங்க ஆஸ்பத்திரியில இருக்கும்போது இந்தப் பொண்ணு உங்க வீட்டுல தங்கியிருக்கு. உறுதியா சொல்ல முடியாது. ஆனா கணக்கு உங்க பக்கம்தான் பொருந்துது."

"இவளுக்கு என்ன பேரு போடுவீங்க?"

"இண்டிஜினஸ்."

உள்ளூர் நோய். அந்தச் சொல்லில் யாருடைய பெயரும் இல்லை. என்னைப் பற்றிச் சொன்ன சொல் என் தம்பியை ஊர் முழுக்க இழுத்துக்கொண்டு போனது. பிரின்சியைப் பற்றிச் சொல்லும் சொல் என்னைப் பத்திரமாக மூடி வைத்துவிட்டது. நான் பேசாமல் இருந்தால் போதும். ஜெரால்டுதான் என்று ஊர் ஏற்கெனவே முடிவு செய்திருந்தது. அவன் மங்களூரில் இருக்கிறான். என் வீட்டுக்கும் ஸ்டெல்லாக்கா வீட்டுக்கும் நடுவே ஒரு சிமென்ட் பாதைதான் இருக்கிறது.

உண்மையாகவே சொல்கிறேன், அன்று முழுவதும் பேசாமல்தான் இருந்தேன்.

மறுநாள் மத்தியானம் பிரின்சி தூங்கிக்கொண்டிருந்தாள். ஸ்டெல்லாக்கா ஆஸ்பத்திரி வாசலில், டீக்கடைப் பெஞ்சில் உட்கார்ந்திருந்தாள். நானும் போய் உட்கார்ந்தேன்.

"யக்கா, ஜெரால்ட ஏசாத."

"ஏன் ஏசப்பிடாது?"

"அது அவன்கிட்டேர்ந்து வரல்ல. என்கிட்டேர்ந்து வந்தது. டாக்டர் பறைஞ்சாங்க. நான் காய்ச்சலோட கெடந்தப்போ என்னக் கடிச்ச கொசுதான். பிரின்சி எனக்க வீட்டுலதானே படுத்தா. தொட்டி மூடியும் நான்தான் போடாம விட்டேன்."

அவள் டீயைக் குடித்து முடித்தாள். கண்ணாடிக் கிளாஸைப் பெஞ்சில் வைத்தாள்.

"இத நீ என்னத்துக்கு என்கிட்ட வந்து பறையுத?" என்றாள். குரல் உயரவில்லை. "அவன் இஞ்ச இல்ல. அவன ஏசுனா எனக்கு லேசு. நீ எதிர்வீட்டுல இருக்க. உன்ன நான் எப்படி ஏசுவேன்? உனக்க தலைமயிரப் பிரிச்சுவிட்ட கை இது."

"ஏசணும்ன்னா என்னத்தான் ஏசணும் யக்கா."

"போ" என்றாள். "வீட்டுக்குப் போ நீ."

எழுந்து போனேன். பஸ்ஸில் உட்கார இடம் கிடைத்தும் உட்காரத் தோன்றவில்லை. சொன்னது அவளுக்காகவா, ஜெரால்டுக்காகவா, என் பாரத்தை இறக்கி வைக்கவா என்று எனக்கே தெரியவில்லை. இறக்கி வைத்த இடம் மகளைப் படுக்க வைத்துவிட்டு உட்கார்ந்திருக்கும் ஒரு தாயின் மடி. இன்னும் ஒரு மாதம் கழித்துச் சொல்லியிருக்கலாம் என்று சில நாள் நினைக்கிறேன். அன்றே சொன்னது சரிதான் என்று சில நாள் நினைக்கிறேன்.

பிரின்சிக்கு எட்டாம் மாதத்திலேயே வலி எடுத்தது. பெண் குழந்தை. உள்ளங்கை இரண்டையும் சேர்த்தால் அதில் அடங்கிவிடும் என்றார்கள். கண்ணாடிப் பெட்டிக்குள் வைத்திருந்தார்கள். நான் போய்ப் பார்த்தேன். ஸ்டெல்லாக்கா எனக்கு வழிவிட்டு நகர்ந்து நின்றாள். ஆனால் என்னைப் பார்க்கவில்லை. குழந்தை பிழைத்தது. பெட்டியிலிருந்து எடுத்து, தாயின் நெஞ்சோடு கட்டி வைத்து, துளித்துளியாகப் பால் கொடுத்துத் தேற்றினார்கள். அதன் ரத்தத்தில் மலேரியா இல்லை என்று சொன்ன அன்று கோவிலுக்குப் போய் முழங்காலில் நின்றேன். பிரின்சிக்கும் நோய் முற்றிலும் அடங்கியது. ஊரில் அதற்குப் பிறகு வேறு யாருக்கும் வரவில்லை. எங்கள் ஊர் உள்ளூர் நோய் உள்ள ஊர் ஆகவில்லை. அந்தச் சொல் பிரின்சியோடு நின்றுபோனது.

ஸ்டெல்லாக்கா என்னோடு பேசுவதை நிறுத்தினாள். சண்டை இல்லை. ஷைனி போனால் சோறு போடுவாள். சந்தையில் மீந்த நல்ல மீனை ஷைனி கையில் கொடுத்துவிடுவாள். நான் வாசலில் நின்றால் அவள் பார்வை என்னைத் தாண்டிப் போய்விடும்.

கிறிஸ்துமஸுக்கு இரண்டு நாள் முன்னால், சாயந்திரம், வாசலில் யாரோ நிற்பதுபோல் இருந்தது. ஜெரால்டு. தோளில் பை. கேட்டுக்கு வெளியே நின்றான். இளைத்திருந்தான்.

"ஏலே, உள்ள வா. என்னத்துக்கு அங்க நிக்க?"

அவன் இடது கையைத் தூக்கிக் காட்டினான். விரல் நுனியில் பஞ்சு ஒட்டியிருந்தது. "பஸ் எறங்குனதும் நேரா சுகாதார நிலையத்துக்குப் போயிட்டுத்தான் வாறேன் யக்கா. ரத்தம் குடுத்திருக்கேன். நாளைக்குச் சொல்லுவாங்களாம். அதுவரைக்கும் நான் இஞ்ச வெளியிலேயே இருந்துக்கிடுதேன். வீட்டுக்குள்ள பிள்ள இருக்கில்லா."

"முழு மாத்திரையும் தின்னியா?"

"ஒண்ணு விடாம."

"அப்ப என்ன? வா உள்ள."

அவன் நகரவில்லை. அவன் கண் எதிர்வீட்டைப் பார்ப்பதைக் கவனித்தேன். ஸ்டெல்லாக்கா குழந்தையை இடுப்பில் வைத்துக்கொண்டு நிலைப்படியில் நின்றாள். எவ்வளவு நேரமாக நிற்கிறாளோ. நான் கேட்டின் கம்பியைப் பிடித்துக்கொண்டேன். அவள் சிமென்ட் பாதையைக் கடந்து அவன் அருகில் வந்தாள். அவன் தலையைக் குனிந்தான்.

"ஏலே ஜெரால்டு" என்றாள். "வெளியில நிண்ணா கொசு கடிக்காதா? உனக்கு அறிவு இல்லியா? உள்ள போலே."

குழந்தை அவன் பையின் வாரைப் பிடித்து இழுத்தது. அவன் அதன் விரல்களை மெதுவாக விடுவித்தான். பஞ்சு ஒட்டிய விரல் அதன் மேல் படாமல் பார்த்துக்கொண்டான். பிறகு செருப்பைக் கழற்றிவிட்டு உள்ளே வந்தான்.

ஸ்டெல்லாக்கா திரும்பி நடந்தாள். "யக்கா" என்று கூப்பிட்டேன். அவள் காதில் விழுந்தது என்று தெரியும், நடை ஒரு கணம் நின்றது. பிறகு குழந்தையை அடுத்த இடுப்புக்கு மாற்றிக்கொண்டு தன் வீட்டுக்குள் போனாள். அவனை மன்னித்துவிட்டாள். அவனை மன்னிக்க வேண்டியதே இல்லை என்று நான்தான் அவளுக்குச் சொல்லியிருந்தேன். நான் சொன்னது சரியாகப் போய்ச் சேர்ந்துவிட்டது, அவள் கோபம் இனி என் மேல்தான் என்று நினைத்துக்கொண்டு, ஜெரால்டுக்குச் சோறு போட உள்ளே போனேன்.